ஜீவனாம்ச உத்தரவு கையில் இருக்கிறது, காசுதான் வரவில்லை

வாசகர் கேள்வி:

வக்கீல் அம்மாவுக்கு வணக்கம். குடியாத்தம் பக்கம் ஒரு கிராமம். பெயர் வேண்டாம். வயது 34. மகள் நான்காவது படிக்கிறாள், மகன் ஒன்றாவது. வீட்டிலிருந்தே பீடி சுற்றுகிறேன். கணவர் ராணிப்பேட்டையில் தோல் கம்பெனியில் சூப்பர்வைசர். 2023 பிப்ரவரியில் வேலூர் குடும்ப நல நீதிமன்றத்தில் ஜீவனாம்சம் கேட்டு மனு போட்டேன். 2024 செப்டம்பர் 12 அன்று உத்தரவு வந்தது. எனக்கும் பிள்ளைகளுக்கும் தலைக்கு 3,000 என மாதம் 9,000 ரூபாய், மனு போட்ட மாதத்திலிருந்து தர வேண்டும் என்று. செப்டம்பர், அக்டோபர், நவம்பர் மூன்று மாதம் பேங்கில் போட்டார். அதோடு சரி. பொங்கலுக்கு ஜிபே-யில் 5,000 அனுப்பினார். பழைய பாக்கி ஒரு பைசா வரவில்லை. கேட்டால், “வேலையை விட்டுட்டேன். வேணும்னா ஒரு மாசம் தொரப்பாடில இருந்துட்டு வரேன், கணக்கு முடிஞ்சுது” என்கிறார். ஊரில் பெரியவர்கள், ஒன்றரை லட்சம் மொத்தமாக வாங்கிக்கொண்டு விவாகரத்து கொடுத்துவிடு, ஆடி கழியட்டும், ஆவணியில் உட்கார்ந்து பேசலாம் என்கிறார்கள். மாமியார், புருஷனை ஜெயிலுக்கு அனுப்பப் பார்க்கிறாள் என்று தெருவெல்லாம் சொல்கிறார். ஜெயிலுக்குப் போனால் நிஜமாகவே கடன் தீர்ந்துவிடுமா? இந்த உத்தரவு வெறும் காகிதம்தானா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

நீங்கள் கேட்காத ஒன்றிலிருந்து தொடங்குகிறேன். அதுதான் அவசரம். உங்கள் உத்தரவின் தேதி செப்டம்பர் 12. ஜீவனாம்சப் பாக்கியை வாரண்ட் மூலம் வசூலிக்க, தொகை கொடுக்க வேண்டியதான நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் நீதிமன்றத்தில் மனு போட்டிருக்க வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125(3) பிரிவில் இருந்த இந்தக் கெடு, 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 144(3) பிரிவில் அப்படியே இருக்கிறது. நம்பர் மாறியதே தவிர விஷயம் மாறவில்லை.

உங்கள் கணக்கைப் போட்டுப் பார்த்தேன். 2023 பிப்ரவரி முதல் 2024 ஆகஸ்ட் வரை 19 மாதம், 1,71,000 ரூபாய். 2024 டிசம்பர் முதல் 2025 ஜூலை வரை 8 மாதம், 72,000 ரூபாய். மொத்தம் 2,43,000. பொங்கலுக்கு வந்த 5,000-ஐக் கழித்தால் 2,38,000. இதில் பெரிய துண்டு அந்த 1,71,000. உத்தரவு வந்த நாளில்தான் அது கொடுக்க வேண்டிய பணமாகிறது என்று எடுத்துக்கொண்டால், 2025 செப்டம்பர் 11-க்குள் மனு உள்ளே போயாக வேண்டும். உத்தரவில் பழைய பாக்கிக்கென்று தனிக் கெடு ஏதாவது எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். இரண்டு மாதத்துக்குள், மூன்று மாதத்துக்குள் என்று சில நீதிபதிகள் எழுதுவதுண்டு. அப்படி இருந்தால் கொஞ்சம் கூடுதல் அவகாசம் இருக்கிறது என்று வாதாடலாம். ஆனால் அதை நம்பி உட்கார வேண்டாம்.

ஆடி கழியட்டும் என்று சொல்கிறவர்களுக்கு இந்தக் கெடு தெரிந்திருக்காது. அல்லது, உங்கள் கணவரின் பக்கம் யாருக்கோ நன்றாகவே தெரிந்திருக்கும். ஆடி முடிந்து, ஆவணியில் நாள் பார்த்து, இரண்டு முறை உட்கார்ந்து பேசி, மூன்றாவது முறை யாரோ வராமல் போய், அதற்குள் செப்டம்பர் நடுப்பகுதி வந்துவிடும். இடையில் சுதந்திர தினம், கிருஷ்ண ஜெயந்தி, விநாயகர் சதுர்த்தி, மீலாது நபி என்று கோர்ட் விடுமுறைகள் வேறு. பேசுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. மனுவைப் போட்டுவிட்டுப் பேசுங்கள். மனு போட்டிருப்பதால் எந்தச் சமரசமும் கெட்டுப்போகாது.

இதைப் படிக்கும் வேறு யாருக்காவது அந்த ஒரு வருடம் ஏற்கெனவே கடந்திருந்தால், மனம் தளர வேண்டியதில்லை. தமிழ்நாட்டிலிருந்து போன பூங்கொடி எதிர் தங்கவேல் வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: அந்த ஒரு வருடக் கெடு, வாரண்ட் போட்டு விரைவாக வசூலிக்கும் வழிக்கு மட்டும்தான். பணத்தின் மீதான உரிமை அதனால் அழிந்துவிடாது. சிவில் வழி திறந்தே இருக்கிறது. அது நீண்ட வழி, அவ்வளவுதான்.

சரி, இனி தொரப்பாடி.

வேலூர்க்காரர்களிடம் தொரப்பாடி என்று சொன்னால் போதும், ஜெயில் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. உங்கள் கணவர் மாதிரி பேசுகிறவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அவர் சொல்வது சட்டப்படி தவறு. ஜீவனாம்ச வழக்கில் சிறை என்பது கடனுக்குப் பதிலாக அனுபவிக்கிற தண்டனை கிடையாது. பணத்தைக் கட்ட வைப்பதற்கான நெருக்கடி அது. உச்ச நீதிமன்றம் 1980-களின் கடைசியிலேயே, குல்தீப் கவுர் வழக்கில், இதைச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் சொல்லிவிட்டது: பணம் கொடுத்தால்தான் கடன் தீரும், உள்ளே இருந்துவிட்டு வந்தால் தீராது. ஒரு மாதம் இருந்துவிட்டு வெளியே வந்தாலும் 2,38,000 அப்படியே நிற்கும். அதோடு அந்த மாதத்தின் 9,000-மும் சேர்ந்திருக்கும்.

எவ்வளவு நாள் உள்ளே வைக்கலாம்? கட்டாமல் விட்ட ஒவ்வொரு மாதத் தவணைக்கும் ஒரு மாதம் வரை, அல்லது பணம் கட்டும் வரை, இதில் எது முந்துகிறதோ அதுவரை என்கிறது சட்டம். பல மாதப் பாக்கியைச் சேர்த்து ஒரே மனுவில் கேட்டால் மொத்தமாகப் பல மாதம் அனுப்பலாமா, ஒரு மாதத்துக்கு மேல் கூடாதா என்பதில் தீர்ப்புகள் இரண்டு விதமாகவும் இருக்கின்றன. 1999-இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில், ஒரு மாதத்துக்கு மேல் கூடாது, அதன் பிறகும் கட்டாவிட்டால் மனைவி மறுபடி மனு போடலாம் என்றது. அதனால் பாக்கியைச் சேர்த்துச் சேர்த்து வைத்து ஒரே மனுவாகப் போடுவதைவிட, சில மாதங்களுக்கு ஒருமுறை தனித்தனியாகப் போடுவதுதான் நல்லது என்பது என் கருத்து. ஒரு வருடக் கெடுவும் அதில் தானாகவே காப்பாற்றப்படும்.

மாமியாரின் பேச்சுக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. நீங்கள் கேட்பது பணத்தை. பணத்தை அவர் கட்டிய நிமிடம் வாரண்ட் செத்துவிடும். உள்ளே போவதும் போகாமல் இருப்பதும் அவர் கையில்தான் இருக்கிறது. தெருவில் யாராவது கேட்டால் உத்தரவின் நகலைக் காட்டுங்கள், பேரப்பிள்ளைகளுக்கு மாதம் 6,000 என்று அதில் எழுதியிருக்கும்.

ஆனால் ஒன்று. ஜெயிலை மட்டும் நம்பி இந்த வழக்கை நடத்தாதீர்கள். உள்ளே இருக்கிற ஆள் சம்பாதிக்க மாட்டார். அந்த ஒரு மாதத்தில் வேலை போனாலும் நஷ்டம் உங்களுக்குத்தான். என் அனுபவத்தில், பிடிவாரண்டோடு போலீஸ் வாசலுக்கு வந்த அன்று அண்ணன், மச்சான், முதலாளி என்று யாரோ ஒருவர் மூலம் கொஞ்சம் பணம் முளைத்துவிடும். அதற்குத்தான் அது பயன்படும். மாதா மாதம் தவறாமல் வர வேண்டும் என்றால், அவருடைய பணம் எங்கே இருக்கிறதோ அங்கே போய்ப் பிடிக்க வேண்டும்.

அவருடைய பணம் முதலில் சம்பளத்தில் இருக்கிறது. வேலையை விட்டுவிட்டேன் என்று சொல்வதை நம்பாதீர்கள், நீதிமன்றமும் லேசில் நம்பாது. உடல் நன்றாக இருக்கிற கணவன் கூலி வேலை செய்தாவது மனைவி பிள்ளைகளைக் காப்பாற்ற வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பல முறை சொல்லியிருக்கிறது. தோல் தொழிலில் ஒரு சிக்கல் உண்டு. ஆள் அதே கம்பெனிக்குள்தான் வேலை செய்வார், ஆனால் பெயர் கான்ட்ராக்டர் ரோலில் இருக்கும். கம்பெனிக்கு நோட்டீஸ் போனால், அப்படி ஒருவர் எங்களிடம் இல்லை என்று பதில் வரும். அதனால் சம்பளத்தை யார் போடுகிறார்கள் என்பதைச் சரியாகப் பிடிக்க வேண்டும். வீட்டில் பழைய ஈ.எஸ்.ஐ. அட்டை கிடந்தால் தேடி எடுங்கள். அதிலுள்ள இன்சூரன்ஸ் எண் வேலை மாறினாலும் மாறாது. அந்த எண்ணைக் கொடுத்து, இப்போது எந்த நிறுவனம் இவருக்கு ஈ.எஸ்.ஐ. கட்டுகிறது என்று சம்பந்தப்பட்ட அலுவலகத்திடமிருந்து விவரம் வரவழைக்கும்படி நீதிமன்றத்தைக் கேட்கலாம். பி.எஃப். எண் இருந்தாலும் அப்படித்தான். பி.எஃப். பணத்தையே ஜப்தி செய்ய முடியாது, அதற்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு. ஆனால் யார் கட்டுகிறார்கள் என்று அந்தக் கணக்கு காட்டிக் கொடுத்துவிடும்.

இன்னொரு ஆவணம் ஏற்கெனவே கோர்ட்டில் இருக்க வேண்டும். 2020 நவம்பர் 4 அன்று ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்புக்குப் பிறகு, ஜீவனாம்ச வழக்குகளில் இரண்டு தரப்பும் தங்கள் வருமானம், சொத்து, கடன், பேங்க் கணக்கு எல்லாவற்றையும் எழுதிப் பிரமாண வாக்குமூலம் தாக்கல் செய்ய வேண்டும். உங்கள் மனு 2023-ஆம் வருடத்து மனு என்பதால் அவரும் அதைத் தாக்கல் செய்திருக்க வேண்டும். கோர்ட்டிலுள்ள வழக்குக் கட்டில் அது இருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் நகல் மனு போட்டு சான்றிட்ட நகல் வாங்குங்கள். அதில் என்ன சம்பளம் என்று எழுதினார், எந்த பேங்க் என்று சொன்னார் என்பதெல்லாம் இப்போது உங்களுக்குப் பயன்படும். அதில் பொய் சொல்லியிருந்தால் அதற்குத் தனி மனு போடலாம். அது உடனே பணமாகாது என்றாலும், பேச்சுவார்த்தையில் அவருடைய வக்கீலை யோசிக்க வைக்கும்.

பேங்க் விவரத்துக்கு உங்கள் பாஸ்புக்கையே பாருங்கள். அந்த மூன்று மாதம் பணம் எந்தக் கணக்கிலிருந்து வந்தது என்று அதிலேயே இருக்கும். இல்லையென்றால் உங்கள் கிளையில் ஸ்டேட்மென்ட் கேளுங்கள்.

சம்பள ஜப்தியில் உங்களுக்குச் சாதகமான ஒரு விஷயம் இருக்கிறது, பலருக்கும் தெரியாது. சாதாரணக் கடனுக்காக ஒருவருடைய சம்பளத்தை ஜப்தி செய்தால், முதல் ஆயிரம் ரூபாயையும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கையும் தொட முடியாது. ஜீவனாம்சத்துக்கு என்றால் தலைகீழ். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆவது பிரிவு, சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மட்டும்தான் பாதுகாப்புத் தருகிறது. மீதி இரண்டு பங்கையும் பிடிக்கலாம். அவருக்கு 24,000 சம்பளம் என்று வைத்துக்கொண்டால், சுமாராக 16,000 வரை பிடிக்க வழி உண்டு. நடப்பு மாதத்தின் 9,000 போக, பழைய பாக்கிக்கும் மாதம் ஏழாயிரம் வரை கழியும். உத்தரவு கையில் கிடைத்த பிறகும் நிறுவனம் அதை மதிக்காமல் முழுச் சம்பளத்தையும் அவரிடம் கொடுத்தால், அந்தத் தொகைக்கு நிறுவனமே பொறுப்பு. இதைச் சொன்னால் எந்த ஹெச்.ஆர். அலுவலகமும் நிமிர்ந்து உட்காரும்.

குற்றவியல் சட்டத்தில் வந்த ஜீவனாம்ச உத்தரவுக்கு இந்த சிவில் முறை பொருந்துமா என்று எதிர்த்தரப்பு கேட்கலாம். மேலே சொன்ன 2020 தீர்ப்பிலேயே அதற்குப் பதில் இருக்கிறது: ஜீவனாம்ச உத்தரவைச் சிவில் நீதிமன்றத்தின் பண டிக்ரியை, அதாவது பணம் கட்டச் சொல்லும் தீர்ப்பைப் போல நிறைவேற்றலாம் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உங்கள் வழக்கறிஞர் அந்தப் பகுதியை மனுவிலேயே எழுதட்டும்.

ராணிப்பேட்டை பற்றி ஒரு வார்த்தை. 2019-இல் நம் மாவட்டம் வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் என மூன்றாகப் பிரிந்தது முதல், ஆள் அடுத்த மாவட்டத்தில் இருக்கிறார், இங்கே போட்ட உத்தரவு அங்கே செல்லுமா என்ற கேள்வி அடிக்கடி வருகிறது. செல்லும். ஜீவனாம்ச உத்தரவை, எதிர்தரப்பு ஆள் எங்கே இருக்கிறாரோ அங்குள்ள மாஜிஸ்திரேட்டும் நிறைவேற்றலாம் என்று சட்டம் சொல்கிறது. பழைய சட்டத்தில் 128-ஆவது பிரிவு, இப்போது 147. அவர் நாளைக்கு ஓசூருக்கோ ஸ்ரீபெரும்புதூருக்கோ வேலை மாறினாலும் இதே விதிதான். சம்பள ஜப்திக்கு மட்டும், சம்பளம் போடும் அலுவலகம் எந்த நீதிமன்ற எல்லைக்குள் வருகிறது என்று பார்த்து மனுவை அங்கே கொண்டுபோக வேண்டியிருக்கும். இதில் தவறினால் சில மாதம் வீணாகும் என்பதால் முதலிலேயே கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். உத்தரவின் நகலை உங்களுக்கு இலவசமாகத் தர வேண்டும் என்பதும் அதே பிரிவில்தான் இருக்கிறது.

அப்புறம் சொத்து. அவர் பெயரில் நிலமோ, அண்ணன் தம்பிகளோடு கூட்டுப் பட்டாவோ இருக்கிறதா என்று நீங்கள் எழுதவில்லை. கிராமத்தில் பிறந்தவர் என்றால் ஏதாவது ஒரு பங்கு இருக்க வாய்ப்புண்டு. சர்வே எண் தெரிந்தால் பட்டா சிட்டாவை இணையத்திலேயே பார்க்கலாம், வில்லங்கச் சான்றும் பார்க்கலாம். ஜீவனாம்சப் பாக்கியை நிலவரிப் பாக்கி போல வசூலிக்கும்படி நீதிமன்றம் மாவட்ட ஆட்சியருக்கு வாரண்ட் அனுப்ப முடியும். கேட்க நன்றாக இருக்கும். நடைமுறையில் அந்தக் காகிதம் ஆட்சியர் அலுவலகத்திலிருந்து தாசில்தாருக்கு, அங்கிருந்து வி.ஏ.ஓ.வுக்கு என்று இறங்கி வருவதற்குள் உங்கள் மகள் ஒரு வகுப்பு தாண்டியிருப்பாள். என்றாலும் பங்கை ஜப்தியில் வைப்பதில் ஒரு லாபம் இருக்கிறது. ஜப்திக்குப் பிறகு அவர் அதை விற்றாலோ, அண்ணனுக்கு விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்தாலோ, அது உங்கள் பாக்கியைப் பாதிக்காது. அந்த நிலத்தை வாங்கவோ கடனுக்கு எடுக்கவோ யாரும் யோசிப்பார்கள். குடும்பத்துக்குள்ளேயே, முதலில் அந்தப் பொண்ணு கணக்கை முடிடா என்ற குரல் அப்போதுதான் கிளம்பும். மாமியாரே அதைச் சொல்லக்கூடும்.

வேறு யாருடைய பெயரிலோ வாங்கிய பைக், வண்டி, இதையெல்லாம் துரத்த வேண்டாம். அது அவருடைய பணம்தான் என்று நிரூபிக்கிற வேலை உங்களுக்கு வரவைக் காட்டிலும் செலவைத்தான் தரும்.

இப்போது மனு போட்ட பிறகு என்ன நடக்கும் என்று சொல்கிறேன். அவருக்கு நோட்டீஸ் போகும். வரவில்லை, அல்லது வந்தும் கட்டவில்லை என்றால் முதலில் ஜப்தி வாரண்ட். அதில் எதுவும் வசூலாகாமல் திரும்பினால், தக்க காரணம் இல்லாமல் கட்டாமல் இருக்கிறார் என்று நீதிமன்றம் கருதினால், சிறைக்கு அனுப்பும் கட்டம். இதற்கு இடையில் வாய்தாக்கள். ஒவ்வொரு கட்டத்திலும் பேட்டா (நோட்டீசையும் வாரண்டையும் கொண்டுபோய்ச் சேர்ப்பதற்கான கோர்ட் கட்டணம்) கட்டினோமா, வாரண்ட் உண்மையில் ஆபீசை விட்டு வெளியே போனதா என்று பார்க்க ஆள் வேண்டும். பெரும்பாலான வழக்குகள் தூங்குவது இந்த இடத்தில்தான். நீதிபதி கையெழுத்துப் போட்ட வாரண்ட், பேட்டா கட்டாததால் கட்டுக்குள்ளேயே கிடக்கும். அடுத்த வாய்தாவில் எல்லோரும் போலீசைக் குறை சொல்வார்கள்.

வாரண்ட் ஸ்டேஷனுக்குப் போன பிறகு, அங்கே கோர்ட் வேலையைப் பார்க்கும் காவலர் யார் என்று கேட்டு அவரைப் பாருங்கள். தனியாகப் போக வேண்டாம், அண்ணனையோ அப்பாவையோ கூட்டிக்கொண்டு போங்கள். அவர் கையில் ஒரு தாள் கொடுங்கள்: கணவரின் புகைப்படம், தங்கியிருக்கும் வீட்டுக்கு அடையாளம், எந்த ஷிப்ட், எத்தனை மணிக்குக் கம்பெனி கேட்டுக்கு வருவார், வண்டி எண், போன் எண். வெறும் கதவு எண்ணை வைத்துக்கொண்டு போனால், வீடு பூட்டியிருக்கிறது, ஆள் இல்லை என்று எழுதித் திருப்பி அனுப்புவது அவர்களுக்கு மிகச் சுலபம். ஷிப்ட் முடியும் நேரமும் கேட்டும் தெரிந்தால் அப்படி எழுத முடியாது.

கோர்ட் வராந்தாவில் ஒரு காட்சி கண்டிப்பாக நடக்கும். அவருடைய ஆட்கள் இருபதாயிரத்தைக் கையில் வைத்துக்கொண்டு, மனுவை வாபஸ் வாங்கு, மீதியை அடுத்த மாதம் தருகிறோம் என்பார்கள். இருபதாயிரத்தை வாங்கிக்கொள்ளுங்கள். வாபஸ் வாங்காதீர்கள். பகுதித் தொகை பெறப்பட்டது, இன்னும் இவ்வளவு பாக்கி என்று மெமோ தாக்கல் செய்துவிட்டு மனுவை நிலுவையிலேயே வையுங்கள். கையில் காசாக வாங்குவதைத் தவிருங்கள், பேங்க் வழியாகவே வரட்டும். பொங்கலுக்கு வந்த 5,000-ஐயும் மறைக்காமல் கணக்கில் காட்டுங்கள். நாம் ஒரு தொகையை விட்டுவிட்டால், மொத்தக் கணக்கே பொய் என்று அவருடைய வக்கீல் கிளம்புவார். பிள்ளைக்கு டிரஸ் எடுத்தேன், பை வாங்கிக் கொடுத்தேன் என்பதை ஜீவனாம்சத்தில் கழிக்கச் சொல்வார்கள். அதை ஒத்துக்கொள்ள வேண்டியதில்லை.

வாரண்ட் நெருங்கும்போது இன்னொரு அஸ்திரம் வரும். வந்து வாழச் சொல்லுங்கள், நான் வைத்துக் காப்பாற்றுகிறேன் என்று. அப்படி ஒரு வாய்ப்பை அவர் முன்வைத்தால், நீங்கள் ஏன் போக மறுக்கிறீர்கள் என்று நீதிமன்றம் கேட்கலாம். நியாயமான காரணம் இருந்தால் வசூல் நிற்காது. சேர்ந்து வாழ வேண்டும் என்று கணவன் டிக்ரியே வாங்கியிருந்தாலும், மனைவிக்குப் போகாமலிருக்க உரிய காரணம் இருந்தால் ஜீவனாம்சம் கிடைக்கும் என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஏன் பிரிந்து வந்தீர்கள் என்பதை உங்கள் மூல மனுவில் எழுதியிருப்பீர்கள், அதையே மாற்றாமல் சொல்லுங்கள். தொகையைக் குறைக்கச் சொல்லி அவர் மனு போட்டாலும், உயர் நீதிமன்றத்துக்குப் போனாலும், தடை உத்தரவு வாங்காதவரை பழைய தொகை ஓடிக்கொண்டேதான் இருக்கும். மேலே போட்டிருக்கிறோம் என்று வாயால் சொல்வது தடை ஆகாது. உத்தரவைக் காட்டச் சொல்லுங்கள்.

ஒன்றரை லட்சம் பற்றிக் கேட்டிருந்தீர்கள். இன்றைய தேதியில் அவர் உங்களுக்குத் தர வேண்டியதே 2,38,000. வர வேண்டிய பணத்தில் எண்பத்தெட்டாயிரத்தைத் தள்ளுபடி செய்துவிட்டு, எதிர்கால ஜீவனாம்சத்தையும் விவாகரத்தையும் இனாமாகக் கொடுங்கள் என்கிறார்கள். பேசுகிற பெரியவர்களுக்குக் கெட்ட எண்ணம் இருக்க வேண்டும் என்பதில்லை, அவர்கள் கணக்குப் பார்த்திருக்க மாட்டார்கள். விவாகரத்து வேண்டுமா வேண்டாமா என்பது உங்கள் முடிவு, அதில் நான் நுழையவில்லை. பணத்தைப் பொறுத்தவரை மூன்று விஷயத்தில் விட்டுக்கொடுக்காதீர்கள். பழைய பாக்கி தனி, எதிர்காலத்துக்கான மொத்தத் தொகை தனி. பிள்ளைகளின் ஜீவனாம்சம் அவர்களுடைய உரிமை. அதை உங்கள் விவாகரத்துக்கு விலையாக எழுதிக் கொடுக்கக் கூடாது, எழுதிக் கொடுத்தாலும் நீதிமன்றம் அதை அப்படியே ஏற்க வேண்டிய கட்டாயமில்லை. பணம் நீதிமன்றத்தின் முன் டிமாண்ட் டிராஃப்டாகவோ பேங்க் மூலமாகவோ வர வேண்டும். யாரோ ஒரு பெரியவர் கையில் கொடுத்து வைத்து, கையெழுத்து ஆனதும் தருவார் என்ற ஏற்பாடே வேண்டாம். சமரசம் செய்துகொள்வதாக இருந்தால் மக்கள் நீதிமன்றத்தில் முடியுங்கள். அங்கே வரும் தீர்வு டிக்ரிக்குச் சமம், மீறினால் நேரடியாக நிறைவேற்று மனு போடலாம். ஊர்ப் பஞ்சாயத்தில் இருபது ரூபாய்ப் பத்திரத்தில் எழுதியதை வைத்துக்கொண்டு அதைச் செய்ய முடியாது.

வக்கீல் பீஸ் பற்றி எழுதவில்லை, ஆனால் அந்தக் கவலை இருக்கும் என்று தெரியும். 1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி, பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. சத்துவாச்சாரியில் கோர்ட் வளாகத்திலேயே மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. அவ்வளவு தூரம் வர முடியாவிட்டால் குடியாத்தம் கோர்ட்டில் வட்டச் சட்டப் பணிகள் குழுவைப் பாருங்கள், அல்லது 15100-க்கு போன் செய்யுங்கள். வழக்கு நடத்திய உங்கள் பழைய வக்கீலே தொடர்வதென்றால் அதுவும் நல்லதே, கட்டு அவரிடம் இருக்கும். யாரிடம் போனாலும் ஒரே வாக்கியத்தைச் சொல்லுங்கள்: செப்டம்பர் 11-க்குள் மனு தாக்கலாகி நம்பர் ஆகியிருக்க வேண்டும், அதாவது கோர்ட் அதை ஏற்று வழக்கு எண் கொடுத்திருக்க வேண்டும். ஏதாவது ஆவணம் குறைகிறது என்று திருப்பி அனுப்பினால் சரிசெய்யவும் நாள் வேண்டும் என்பதால், ஆகஸ்ட் முடிவதற்குள் தாக்கல் செய்யப் பாருங்கள்.

எடுத்துப் போக வேண்டியவை: உத்தரவின் நகல், பேங்க் ஸ்டேட்மென்ட், ஜிபே ஸ்கிரீன்ஷாட், ஆதார், பிள்ளைகளின் பள்ளியிலிருந்து ஒரு படிப்புச் சான்று, மாத வாரியாக எவ்வளவு வந்தது எவ்வளவு வரவில்லை என்று நீங்களே நோட்டுப் பேப்பரில் எழுதிய கணக்கு. பிள்ளைகளைக் கோர்ட்டுக்குக் கூட்டி வர வேண்டியதில்லை. பீடி சுற்றுவதை மறைக்கவும் வேண்டாம், அந்த வருமானத்தால் உங்கள் உரிமை போகாது.

தலைக்கு 3,000 என்பது பிள்ளைகள் வளர வளரப் போதாது. சூழ்நிலை மாறினால் தொகையைக் கூட்டிக் கேட்கத் தனி மனு உண்டு. இந்த வசூல் மனுவோடு அதைக் கலக்காதீர்கள், இது நம்பர் ஆகட்டும். அதுவரை மகளின் டியூஷன் பீஸ், வேன் வாடகை, மருந்துச் சீட்டு எல்லா ரசீதையும் ஒரு கவரில் போட்டு வையுங்கள், அந்த மனுவுக்கு அவைதான் சாட்சி.